பதினொரு நிமிடப் பேட்டி

கேள்வி:

ஐயா, வணக்கம். எனக்குச் சொந்த ஊர் சுங்கை சிப்புட். அரசுப் பல்கலைக்கழகம் ஒன்றில் சமூகவியல் இறுதியாண்டு படிக்கிறேன். இறுதியாண்டு ஆய்வுக்கு அம்மாவின் வேலையை எடுத்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன். அம்மாவுக்கு வயது 58. ஊருக்குப் பக்கத்துத் தோட்டத்தில் 16 வயதில் பால்மரம் (ரப்பர் மரம்) வெட்டிப் பால் எடுக்கப் போனவர், 28 வருடம் வெட்டினார். 2011-இல் தோட்டம் செம்பனைக்கு (எண்ணெய்ப்பனைக்கு) மாறியதும் லயத்தை (தோட்டத்து வரிசை வீட்டை) விட்டுத் தாமானுக்கு (வீடமைப்புப் பகுதிக்கு) வந்துவிட்டோம். அதிலிருந்து பள்ளிக்கூடக் கென்டீனில் வேலை செய்கிறார். 14 கேள்விகள் தயார் செய்து ஃபோனில் பேட்டி எடுத்தேன். 11 நிமிடத்தில் முடிந்துவிட்டது. எதைக் கேட்டாலும், "காலையில எழும்பிப் போவோம், வெட்டுவோம், பால் எடுப்போம், வருவோம். அதுல என்னம்மா இருக்கு எழுத?" என்கிறார். என் விரிவுரையாளரும், "சொந்த அம்மாவை வைத்து ஆய்வா? அதுவும் திறன் தேவைப்படாத வேலை. டெலிவரி ரைடர் மாதிரி இப்போதைய வேலையாகப் பாருங்கள்" என்கிறார். தலைப்பை மாற்றிவிடட்டுமா?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். முதல் வருடம் ஒரு ஃபாரத்தில் 'தாயாரின் தொழில்' என்ற கட்டத்தில் 'சூரி ரூமா' (மலாயில் 'இல்லத்தரசி') என்று எழுதிவிட்டேன். அப்போதும் அம்மா தினமும் கென்டீனுக்குப் போய்க்கொண்டுதான் இருந்தார்.

வாசகி, சுங்கை சிப்புட், பேராக், மலேசியா

பதில்:

அன்புள்ள தங்கைக்கு,

தலைப்பை மாற்ற வேண்டாம். கேள்விகளை மாற்றுங்கள்.

நீங்கள் அனுப்பிய 14 கேள்விகளையும் படித்தேன். 'உங்கள் வேலை அனுபவம் எப்படி இருந்தது?' 'நீங்கள் எதிர்கொண்ட சவால்கள் என்ன?' 'வேலையில் மனநிறைவு இருந்ததா?' எல்லாம் ஏதோ ஒரு கேள்வித்தாளிலிருந்து மொழிபெயர்த்தவை மாதிரி இருக்கின்றன. 'மனநிறைவு' என்ற சொல்லை உங்கள் அம்மா கடைசியாக எப்போது பேச்சில் சொன்னார்? பெரட்டுக்கு (விடியுமுன் பெயர் கூப்பிடும் இடத்துக்கு) போன யாரும் "இன்றைக்கு எனக்குப் பல சவால்கள்" என்று சொல்லிக்கொண்டு போகவில்லை. நேற்று மழை, பால் கொட்டிப்போச்சு, மண்டோர் (மேற்பார்வையாளர்) கத்தினார் என்றுதான் சொல்லியிருப்பார்கள். பிடித்துக்கொள்ள ஒரு கைப்பிடி இல்லாத கேள்வியைக் கேட்டால், பதிலும் "போவோம், வெட்டுவோம், வருவோம்" என்று வழுக்கிக்கொண்டுதான் வரும். அம்மா எதையும் மறைக்கவில்லை. அவருக்குச் சொல்லத் தெரியாமலும் இல்லை.

ஒரு சின்னக் கணக்குப் போடுவோம். ஒரு நாளைக்கு 500 மரம் என்று வைத்துக்கொள்வோம் (சரியான எண்ணிக்கையை அம்மாவிடம் கேளுங்கள், இதற்கு மட்டும் யோசிக்காமல் பதில் வரும்). ஆறு மணிக்கு முதல் மரம், பத்து மணிக்குக் கடைசி மரம். நான்கு மணி நேரம் என்றால் 240 நிமிடம். ஒரு மரத்துக்கு 29 வினாடிகூட முழுதாக இல்லை. அந்த 29 வினாடிக்குள் ஒரு மரத்திலிருந்து அடுத்த மரத்துக்கு நடக்க வேண்டும். மேடு பள்ளம், முள், பாம்புக்குப் பார்த்துக் கால் வைக்க வேண்டும். முந்தைய வெட்டில் காய்ந்து ஒட்டியிருக்கும் ஒட்டுப்பாலை உரித்துப் பையில் போட வேண்டும். பால் வடியும் மங்கு என்ற கிண்ணத்தைத் துடைத்துக் கம்பியில் வைக்க வேண்டும். அப்புறம் வெட்ட வேண்டும்.

அந்த வெட்டைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. பால் ஓடும் குழாய்கள் பட்டையின் உள்பக்கத்தில்தான் நெருக்கமாக இருக்கின்றன. அதற்கும் உள்ளே, கட்டையை ஒட்டி, மரம் வளர்வதற்கான மெல்லிய சவ்வு இருக்கிறது. கத்தி மேலோட்டமாகப் போனால் பால் கொஞ்சமாகத்தான் வரும். சவ்வைத் தொட்டுவிட்டால் மரத்துக்குக் காயம். அந்த இடத்தில் பட்டை முடிச்சு முடிச்சாக வளரும், சில வருடம் கழித்து அதே பக்கம் திரும்பி வரும்போது கத்தி போகாது. ஆக, சவ்வுக்கு ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் வெளியே நிற்க வேண்டும். சீவி எடுக்கும் பட்டையோ ஒன்றரை மில்லிமீட்டர் அளவுதான். இடது மேலிருந்து வலது கீழாகச் சாய்வாக, பாதி மரத்தைச் சுற்றி வர வேண்டும். பால் குழாய்கள் மரத்தில் நேராக நிற்காமல் லேசாக வலப்பக்கம் சாய்ந்து ஏறுவதால், இந்தச் சாய்வில் வெட்டினால்தான் கூடுதல் குழாய்கள் அறுபடும். இதையெல்லாம் அரை இருட்டில், நெற்றி விளக்கு வெளிச்சத்தில், கொசுக்கடியோடு செய்தவர் உங்கள் அம்மா. மழை, லீவு எல்லாம் கழித்து மாதத்துக்கு 20 நாள் என்று வைத்தாலும் 28 வருடத்தில் 33 லட்சம் வெட்டுக்கு மேல் வருகிறது. இதை 'திறன் தேவைப்படாத வேலை' என்றவருக்கு ஒரு கத்தியும் ஒரு மரமும் கொடுத்துப் பார்க்கலாம்.

நானும் ஒரு காலத்தில் அப்படி எழுதியவன்தான். வேலை ஆய்வில் சேர்ந்த முதல் வருடம், கீழ்ப் பேராக்கில் ஒரு செம்பனைத் தோட்டத்துக்கு ஃபாரமும் கிளிப் பலகையுமாகப் போனேன். பழம் வெட்டும் ஒரு அண்ணனைக் கேள்வி கேட்டுவிட்டு, 'தேவைப்படும் திறன்' என்ற கட்டத்தில் 'இல்லை, உடல் பலம் மட்டும்' என்று எழுதிக்கொண்டிருந்தேன். எட்டிப் பார்த்தவர் ஒன்றும் சொல்லவில்லை. அரிவாள் மாட்டிய நீளக் கம்பை என் கையில் கொடுத்தார். கம்பு உயரத்தில் ஆடிய ஆட்டத்தில் அரிவாளைக் குலைக் காம்பில் மாட்டவே எனக்குப் பத்து நிமிடம் ஆனது. கடைசியில் மட்டை வந்தது, குலை வரவில்லை. அப்புறம்தான் அவர் செய்வதைச் சரியாகப் பார்த்தேன். மேலே பார்ப்பதற்கு முன்னால் தரையைப் பார்க்கிறார். உதிரிப்பழம் கீழே கிடந்தால்தான் அந்தக் குலை பழுத்திருக்கிறது. காயை வெட்டினால் அபராதம், பழுத்ததை விட்டுவிட்டால் திட்டு. குலை எந்தப் பக்கம் விழும் என்று முடிவு செய்த பிறகே காலை ஊன்றுகிறார். இருபது கிலோ தலைக்கு மேலிருந்து வருகிறதல்லவா! நான் கேட்டபோது இதில் ஒன்றையும் அவர் சொல்லவில்லை. கைக்குத் தெரிந்தது வாய்க்கு வர நேரமாகும். அந்த ஃபாரத்தைக் கிழித்துப் போட்டேன். மேலதிகாரியிடம் திட்டு வாங்கினேன், அது வேறு கதை.

அதனால் அடுத்த தடவை அம்மாவை நாற்காலியில் உட்காரவைத்துப் பேட்டி எடுக்காதீர்கள். பழைய கத்தி வீட்டில் இருக்கிறதா என்று முதலில் தேடுங்கள். இருந்தால் அதை அவர் கையில் கொடுத்து, "எப்படித் தீட்டுவீங்க?" என்று மட்டும் கேளுங்கள். சுங்கை சிப்புட் சுற்றுவட்டாரத்தில் இன்னும் சிறுதோட்டக்காரர்கள் ரப்பர் வைத்திருக்கிறார்கள். தெரிந்தவர் யாரிடமாவது அனுமதி வாங்கிக்கொண்டு ஒரு விடியற்காலை அம்மாவை அழைத்துப் போங்கள். கண்டிப்பாக விடியற்காலை. வெயில் ஏற ஏற இலைகள் தண்ணீரை விடும், மரத்துக்குள் அழுத்தம் குறையும், பால் சுணங்கும். இருட்டோடு எழுந்து போன காரணமே அதுதான். கத்தியை உங்கள் கையில் கொடுத்துச் சொல்லித்தரச் சொல்லுங்கள். நீங்கள் தப்புச் செய்யும் ஒவ்வொரு தடவையும் அம்மா வாய் திறப்பார். "அப்படிப் பிடிக்காதே", "மணிக்கட்டு திரும்புது பாரு", "சத்தம் கேக்குதா, இதுதான் அளவு". அந்த வாக்கியங்கள்தான் உங்கள் தரவு. ஃபோனைச் சட்டைப் பையில் ஓடவிடுங்கள்.

இன்னும் கொஞ்சம் வசதிப்பட்டால் கோலகங்சாருக்கும் ஒரு நடை போய் வாருங்கள், பக்கம்தானே. 1877-இல் தென்கிழக்காசியாவுக்கு வந்த முதல் ரப்பர் கன்றுகளின் காலத்து மரம் ஒன்று அங்கே மாவட்ட அலுவலகத்துக்கு அருகில் நிற்கிறது. பலரும் படம் எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். உங்கள் அம்மா அதன் பட்டையைப் பார்த்து என்ன சொல்கிறார் என்று எனக்குத் தெரிந்துகொள்ள ஆசை.

சரி, கை வேலைக்கு அப்புறம் காசு. ஒரு வேலையைப் புரிந்துகொள்ள அதற்குக் கூலி எப்படிக் கணக்கிடப்பட்டது என்று தெரிந்தாக வேண்டும். 'சம்பளம் எவ்வளவு?' என்று கேட்டிருக்கிறீர்கள், 'போதாது' என்று பதில் வந்திருக்கிறது. இப்படிக் கேட்டுப் பாருங்கள்: பால் நிறுக்கும் இடத்தில் சண்டை வந்திருக்கிறதா? யார் யாரோடு? மரத்துப் பாலில் மூன்றில் ஒரு பங்கு அளவுதான் ரப்பர், மிச்சம் பெரும்பாலும் தண்ணீர். அதனால் வாளியின் எடை மட்டும் போதாது, எத்தனை சதவீதம் ரப்பர் என்றும் பார்ப்பார்கள். தோளில் காண்டாக் கம்பு வைத்து அதில் இரண்டு வாளியைச் சுமந்து வந்தவருக்கும் அளவுக் குழாயைப் பாலில் விட்டுப் பார்க்கும் கிராணிக்கும் (எழுத்தருக்கும்) நடுவில் எத்தனை வழக்கு நடந்திருக்கும்! "மழைத்தண்ணி விழுந்துடுச்சு", "நீயே கலந்திருப்பே". நாள் கூலி, பாலின் எடை, சந்தையில் ரப்பர் விலை, மூன்றும் கூலியைத் தொட்டன. சிங்கப்பூரிலும் லண்டனிலும் விலை இறங்கினால் சுங்கை சிப்புட்டில் அரிசி மூட்டை சிறுத்தது.

உங்கள் அம்மா கத்தியைக் கீழே வைத்த 2011-ஐப் பாருங்கள். அந்த வருடத் தொடக்கத்தில் உலகச் சந்தையில் ரப்பர் விலை அதுவரை காணாத உச்சத்தில் இருந்தது. அப்படியிருந்தும் உங்கள் தோட்டம் செம்பனைக்கு மாறியது. ரப்பருக்குத் தினமும் ஆள் வேண்டும், ஒவ்வொரு மரத்துக்கும் கை வேண்டும். செம்பனையில் ஒரு பகுதியை வெட்டினால் அடுத்த சுற்று பத்துப் பதினைந்து நாள் கழித்துத்தான். குறைந்த ஆளை வைத்து அதிக நிலத்தைப் பார்த்துக்கொள்ளலாம். ரப்பர் விலை ஏறியிருந்தாலும் அதை வெட்டும் கைக்கு மதிப்பு ஏறவில்லை. குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் நடைமுறைக்கு வந்தது 2013 ஜனவரி 1-இல், தீபகற்ப மலேசியாவில் மாதம் 900 ரிங்கிட். அம்மா தோட்டத்தை விட்டு இரண்டு வருடம் ஆகப்போகும் நேரம். (இடையில் ஒரு வார்த்தை. அந்தத் தொகை 2025 பிப்ரவரியிலிருந்து 1,700 ரிங்கிட். ஐந்து பேருக்குக் குறைவாக வேலைக்கு வைத்திருக்கும் முதலாளிகளுக்கு 2025 ஆகஸ்ட்டிலிருந்து. கென்டீனில் அம்மா முழு நேரம் வேலை செய்கிறார் என்றால் அவர் கையில் என்ன வருகிறது, சேமநிதி கட்டுகிறார்களா என்று மகளாக ஒரு தடவை பார்த்துவிடுங்கள். ஆய்வுக்காக இல்லை.)

செக்ரோலில் (தோட்டத்து வேலையாட்கள் பதிவேட்டில்) அம்மா பெயர் இருந்திருக்கும். அவரோடு மரத்துக்குப் போனவர்கள் பெயர் இருந்திருக்காது. ஒட்டுப்பால் பொறுக்கிய தம்பி, பள்ளிக்கு முன்னால் மங்கு துடைத்த அக்கா, கடைசி நிரையில் பால் எடுக்கக் கைகொடுத்த பாட்டி. ஒரு பெயருக்குப் பின்னால் மூன்று பேரின் உழைப்பு இருந்த வீடுகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். 2011-இல் உங்களுக்கு எட்டு வயது இருக்கும். நீங்கள் எப்போதாவது போனீர்களா? ஒட்டுப்பால் மூட்டையின் நாற்றம் ஞாபகம் இருந்தால் நீங்களும் இந்த ஆய்வில் ஒரு ஆள்தான், அதை மறைக்காமல் எழுதுங்கள். கைக்குழந்தைக்காரிகள் பிள்ளையை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டு எத்தனை மணிக்குப் போனார்கள், பால் கொடுக்க நடுவில் வர முடிந்ததா, காய்ச்சல் பிள்ளையை ஆயா ஏற்றுக்கொள்ளாவிட்டால் அன்றைய கூலி என்ன ஆனது? பெண்களின் வேலை வரலாறு பாதி இந்தக் கேள்வியில்தான் இருக்கிறது.

உடம்பையும் கேளுங்கள். எந்தத் தோள் வலிக்கிறது? எந்த விரல் மடங்கவில்லை? இடையில் சில காலம் வெளிக்காட்டு வேலைக்கு, மருந்தடிக்கப் போனாரா? களைக்கொல்லி அடித்த பெண்கள் பலருக்கு நகம் கறுத்துப் போனதும் மூக்கில் ரத்தம் வந்ததும் தோட்டப்புறத்தில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். அந்தக் களைக்கொல்லிகளில் பேர்போன பாராகுவாட்டை மலேசியா முழுதாகத் தடை செய்தது 2020 ஜனவரி 1-இல்தான். டப்பாவில் என்ன எழுதியிருந்தது என்று அம்மாவுக்குத் தெரிந்திருக்காது. எந்த நிறம், என்ன வாசனை என்று கேட்டால் சொல்வார்.

இப்போது உங்கள் விரிவுரையாளர். அவரை நான் குறை சொல்லப் போவதில்லை, எதைக் கேட்டால் அவர் இறங்கி வருவார் என்று மட்டும் சொல்கிறேன். வேலையைப் பற்றிய சமூகவியலில் சிகாகோ பல்கலைக்கழகத்து எவரெட் ஹியூஸ் பெரிய பெயர். மருத்துவரையும் குப்பை அள்ளுபவரையும் ஒரே கேள்விகளோடு அணுக வேண்டும் என்று மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர். எந்த வேலையிலும் அழுக்கான பகுதி ஒன்று உண்டு, அதை யார் யார் தலையில் கட்டுகிறார்கள் என்று பார்க்கச் சொன்னவர். அங்கே படித்த ரே கோல்டு அடுக்குமாடிக் கட்டடங்களின் துப்புரவு, பராமரிப்புத் தொழிலாளர்களை ஆராய்ந்தார். ஹோவர்ட் பெக்கர் நடன விடுதிகளில் வாசிக்கும் இசைக்கலைஞர்களை ஆராய்ந்தார். பெக்கரே அப்போது பியானோ வாசித்துப் பிழைத்துக்கொண்டிருந்தவர்தான். தன்னோடு வேலை செய்தவர்களைத்தான் அவர் எழுதினார். 'சொந்த அம்மாவா?' என்ற ஆட்சேபத்துக்கு இதை மேற்கோள் காட்டலாம்.

ஆனால் அந்த ஆட்சேபத்தில் கொஞ்சம் நியாயமும் இருக்கிறது. மகள் கேட்கும்போது அம்மா பாதியைச் சொல்ல மாட்டார். "உனக்குத்தான் தெரியுமே" என்று விட்டுவிடுவார். கங்காணி, மண்டோர் சமாச்சாரங்களை, குறிப்பாகப் பெண்களிடம் அவர்கள் நடந்துகொண்ட விதத்தை, மகளிடம் சொல்லக் கூசுவார். அதனால் அம்மா ஒருவரோடு நிறுத்தாதீர்கள். அதே தோட்டத்திலிருந்து தாமானுக்கு வந்தவர்கள் ஏழெட்டுப் பெண்கள் இருப்பார்கள். அம்மாவை உங்களுக்குக் கதவைத் திறந்துவிடுபவராக வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு மூன்று பேரை ஒன்றாக உட்காரவைத்துப் பாருங்கள். ஒருவர் சொல்வதை இன்னொருவர் மறுக்கும்போதுதான் விஷயம் வெளியே வரும். உங்கள் அம்மாவை வேறொரு மாணவி பேட்டி எடுக்கட்டும், அவளுடைய அம்மாவை நீங்கள் எடுங்கள். அம்மா உங்களிடம் சொன்ன பதிவையும் அந்த மாணவியிடம் சொன்ன பதிவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் கேட்டால், மகளிடம் சொன்னதும் அந்நியளிடம் சொன்னதும் எங்கே பிரிகிறது என்று தெரியும். அதுவே ஒரு அத்தியாயம்.

டெலிவரி ரைடர் என்று சொன்னாரல்லவா? மறுக்காதீர்கள், ஒப்பிட்டுக் காட்டுகிறேன் என்று சொல்லுங்கள். கிலோவுக்குக் கூலி வாங்கியவருக்கும் ஆர்டருக்குக் கூலி வாங்குபவருக்கும் ஒரே கேள்வியைப் போடலாம்: மழை பெய்தால் யாருக்கு நட்டம்? மழை நாளில் மரம் வெட்ட முடியாது, பால் பட்டையில் வழிந்து மண்ணோடு போகும். மழை நாளில் ரைடருக்கு ஆர்டர் கூடும், வழுக்கும் சாலையில் ஓட்டுவதா வேண்டாமா என்பதை அவரே முடிவு செய்ய வேண்டும். ஒருவருக்கு விலையைச் சொன்னது ரப்பர் சந்தை, இன்னொருவருக்குச் சொல்வது ஃபோனில் ஒரு செயலி. இருவருமே அந்த விலை எப்படி வந்தது என்று பார்த்ததில்லை. தோட்டத்தில் 1954-இலிருந்து தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் இருந்தது, கூலியைப் பேசி ஒப்பந்தம் போட்டது. அந்த ஒப்பந்தங்களைப் பற்றி அம்மாவுக்கு ஒரு அபிப்பிராயம் கட்டாயம் இருக்கும், நல்லதாக இருக்கும் என்று நான் உத்தரவாதம் தர முடியாது. ரைடருக்கு யார் பேசுகிறார்கள் என்ற கேள்வி அங்கிருந்து தானாக வரும். தாமானில் உங்கள் பக்கத்து வீட்டிலேயே ஒரு ரைடர் இருப்பார், அவருடைய அம்மாவும் மரம் வெட்டியவராக இருப்பார் என்று பந்தயம் கட்டுகிறேன்.

தோட்டம் செம்பனைக்கு மாறியதற்கு அப்புறம் நடந்ததையும் விட்டுவிடாதீர்கள். ஆஸ்திரியாவில் வியன்னாவுக்குப் பக்கத்தில் மரியன்தால் என்று ஒரு சின்ன ஊர். ஊரே ஒரு நெசவாலையை நம்பியிருந்தது. 1930 வாக்கில் ஆலை மூடியது. மரி யஹோடா என்ற சமூக உளவியலாளரும் அவருடைய தோழர்களும் அங்கே போய் ஆய்வு செய்தார்கள். அவர்கள் செய்த ஒரு காரியம் எனக்கு மிகவும் பிடிக்கும். ஜன்னல் ஓரம் நின்றுகொண்டு, தெருவில் போகிறவர்கள் எவ்வளவு வேகமாக நடக்கிறார்கள், எத்தனை தடவை நிற்கிறார்கள் என்று கடிகாரம் வைத்துக் குறித்தார்கள். வேலை போன ஆண்கள் மெதுவாக நடந்தார்கள், நின்று நின்று போனார்கள். பெண்கள் அப்படி நிற்கவில்லை. அவர்களுக்குச் சமையலும் துவையலும் பிள்ளையும் அப்படியே இருந்தன, சம்பளம்தான் போயிருந்தது. ஆண்களிடம் ஒரு நாளின் மணிக்கணக்கைக் கேட்டபோது காலைக்கும் மதியத்துக்கும் நடுவில் என்ன செய்தோம் என்றே சொல்லத் தெரியவில்லை. உங்கள் தோட்டத்திலிருந்து வந்த ஆண்கள் காலை பத்து மணிக்கு எங்கே இருக்கிறார்கள்? மார்க்கெட் பக்கம், சாப்பாட்டுக் கடைப் பக்கம் ஒரு வாரம் கவனியுங்கள். பெண்கள் எந்த வேகத்தில் நடக்கிறார்கள் என்றும் பாருங்கள்.

சின்ன விஷயங்கள் சில. பேட்டியைத் தமிழில் அப்படியே எழுதி வையுங்கள். 'பெரட்டு' என்றால் பெரட்டு, அதைக் 'காலைக் கூட்டம்' என்று மாற்றி மலாய் அறிக்கைக்குள் போட்டால், இருட்டில் பெயர் கூப்பிடும் சத்தமும் பிந்தி வந்தவள் திரும்பிப் போன அவமானமும் காணாமல் போய்விடும். சொல்லை வைத்துக்கொண்டு பக்கத்தில் விளக்கம் எழுதுங்கள். பழைய சம்பளச் சீட்டு, சங்க அட்டை, சேமநிதிக் கணக்கறிக்கை எதையும் தூக்கிப் போட விடாதீர்கள். மனிதர்கள் வருடத்தை மறப்பார்கள், அந்தக் காகிதம் மறக்காது. யாராவது "இதை எழுதாதே" என்றால் எழுதாதீர்கள், அந்த வரியைப் பதிவிலிருந்தும் அழித்துவிடுங்கள். அம்மா சொன்னாலும் அப்படித்தான்.

கடைசியாக 'சூரி ரூமா'. அதை ஒரு குற்றமாக நினைத்து மனதில் வைத்திருக்கிறீர்கள். ஒரு ஆய்வாளருக்கு அது கிடைத்தற்கரிய தரவு. வேலைகளுக்குப் பெயர் வைத்து அடுக்கி எண் கொடுக்கும் ஒரு பட்டியல் நம் அரசாங்கத்திடம் இருக்கிறது. அதன் சுருக்கப் பெயர் மாஸ்கோ (ரஷ்யாவுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை). உலகத் தொழிலாளர் நிறுவனத்தின் பட்டியலை ஒட்டி அமைந்தது. அதில் ஆறாவது பிரிவு திறன்பெற்ற விவசாய, வன, மீன்பிடித் தொழிலாளர்கள். ஒன்பதாவது பிரிவு அடிப்படைத் தொழில்கள், அதாவது திறன் அளவில் கடைசிப் படி. 2020 பதிப்பை எடுத்துப் பால்மரம் வெட்டுவதைத் தேடுங்கள், கென்டீன் உதவியாளரைத் தேடுங்கள். எது எங்கே நிற்கிறது, அது சரியா என்று அந்த 29 வினாடிக் கணக்கை வைத்துக்கொண்டு வாதாடுங்கள். சூரி ரூமாவை எங்கே வைத்திருக்கிறார்கள் என்றும் பாருங்கள். முதல் வருடம் அந்தக் கட்டத்தின் முன்னால் பேனாவோடு தயங்கிய பெண்ணைப் பற்றி, முன்னுரையில் ஒரு பத்தி எழுதுங்கள். எழுத முடியாவிட்டால் பரவாயில்லை.

அம்மாவிடம் சொல்வதா வேண்டாமா என்பதில் நான் தலையிட மாட்டேன். பட்டமளிப்புக்கு முன்னால் எப்படியும் இன்னொரு ஃபாரம் வரும், அதே கட்டம் இருக்கும். அதை வீட்டுக்கு எடுத்துப் போய், "இதுல என்ன போடட்டும்மா?" என்று அவரையே கேளுங்கள். கென்டீன் என்பாரோ, மரம் வெட்டு என்பாரோ, "ஏதாச்சும் போடு" என்பாரோ. ஃபோன் ஓடிக்கொண்டிருக்கட்டும்.